ஏழாயிரம் படித்தவர்

பஞ்சாலைக் கணக்கில் ஆயுள் முழுவதும் தம்பிடி பிசகாமல் எழுதி ஓய்வு பெற்ற கோயம்புத்தூர்க் கனவான் ஒருவர், உக்கடத்துப் பழைய புத்தகக் கடையில் மேலட்டை இழந்து கிடந்த சித்தர் பாடல் நூலாகிய 'போகர் ஏழாயிர'த்தைப் பேரம் பேசி வாங்கி, மேல்துண்டில் மறைத்துக்கொண்டு வீடு வந்து சேர்வாராகில், அந்தக் குடும்பத்துக்கு ஏழரை நாட்டுச் சனி பிடித்துவிட்டது என்பதை ஜோதிடரைக் கேளாமலே நிச்சயித்துவிடலாம். குடியையும் சூதையும் கண்டிக்க ஊரில் நாலு பெரியவர்கள் உண்டு. புத்தகம் படிக்கிறவரைக் கண்டிக்க யாருக்கு வாய் வரும்?

குருவின்றி நூலைத் தொடுகிறவனுக்குச் சித்தர் சாபம் உண்டென்று பயமுறுத்தி வைத்திருப்பதால், ஸ்நானம் செய்து, திருநீறணிந்து, சாப நிவர்த்தி மந்திரத்தை ஜபித்த பின்னரே அவர் புத்தகத்தைத் திறப்பார். பழனியில் நவபாஷாணத்தைக் கட்டியவர் போகர். காங்கேயத்துக்கு அருகே ஊதியூர் மலையில் தவமிருந்தவர் கொங்கணர். மருதமலையில் பாம்பாட்டிச் சித்தருக்குக் குகையே இருக்கிறது. ஆகவே கொங்கு நாட்டில் பிறந்தவனுக்கு ரசவாதம் பிதுரார்ஜித சொத்து என்பது அவர் சித்தாந்தம். விஞ்ஞானம் படித்த மாப்பிள்ளை லேசாகச் சிரித்தாலோ, நியூட்டன் துரையின் ரசவாதக் கையெழுத்துப் பிரதிகள் 1936-இல் லண்டனில் ஏலம் போன சரித்திரத்தை எடுத்து வீசி, அவரை வாயடைக்கச் செய்துவிடுவார்.

படிப்பு படிப்போடு நின்றால் பாதகமில்லை. வறட்டி அடுக்கிச் சரக்கைச் சுடும் புடமும் போடத் தொடங்கிவிட்டார். காடைப்புடத்துக்கு வறட்டி 1, கவுதாரிப்புடத்துக்கு 3, குக்குடப்புடத்துக்கு 10, வராகப்புடத்துக்கு 50 என்று படிப்படியாக ஏறிவந்த காலத்தில் மூக்கைப் பொத்திக்கொண்டு பொறுத்த வீதியார், கஜபுடத்துக்காக 1,000 வறட்டி மாட்டுவண்டியில் வந்து இறங்கிய அன்று, பெட்டி படுக்கையோடு உறவினர் வீடுகளுக்குப் பிரயாணமானார்கள். சரக்கை வைத்துச் சுடும் மண்குகையான மூசையின் வாயைச் சீலைமண் பூசி மூடுவதற்கு அம்மாளின் கல்யாணச் சேலை கிழிந்தது. பொன்னாக மாறவேண்டிய செம்புக்கோ சமையலறையே சுரங்கமாயிற்று.

"ஏனுங்க, தங்கம் வாறப்ப வரட்டுமுங்க, உருக்கிப்போட்ட எங்கம்மா வூட்டுப் போசி எப்ப வருமுங்க?" என்றார் அம்மாள்.

"அடுத்த பௌர்ணமிக்கு, அம்மணி" என்றார் அவர், புத்தகத்திலிருந்து தலையெடுக்காமலே.

புடம் ஆறி மூசையை உடைத்தால் உள்ளே கரிதான் இருக்கும். நீங்களும் நானும் அப்போது நூலைச் சந்தேகிப்போம். அவரோ தம் வாசிப்பைச் சந்தேகிப்பார். சித்தர்கள் பரிபாஷையில் எழுதியவர்களாதலால் உப்பென்றது உப்பல்ல, பூநீறென்றது பூநீறல்ல, முப்பு என்னும் மூலச் சரக்கின் ரகசியம் இன்னும் பிடிபடவில்லை என்று சமாதானம் சொல்லி, மீண்டும் முதற்பாட்டிலிருந்து தொடங்குவார். ஆலைக் கணக்கில் ஓரணா இடித்தால் இரவெல்லாம் தூங்காத மனிதர், ஆஸ்தி கரைகிற கணக்கில் மட்டும் இத்தனை தாராளமானது அந்த நூல் செய்த முதல் ரசவாதம். வேறெந்த உலோகமும் அவர் கையில் மாறியதாகத் தெரியவில்லை.

வாதம் கெட்டால் வைத்தியம் என்று பெரியோர் சொன்னது இப்படிப்பட்டவர்களைப் பார்த்துத்தான். பொன் விளையாத மூசையில் எஞ்சிய சாம்பலை வீணாக்க மனமின்றி, அதற்குப் பற்பம் என்று நாமகரணம் செய்து, தேனில் குழைத்து, அண்டை வீட்டாருக்குத் தர்மமாக வழங்கத் தொடங்கிவிட்டார். பாதரசமும் கெந்தகமும் தாளகமும் பக்குவம் தெரிந்த வைத்தியன் கையிலேயே பயந்து புழங்கவேண்டிய சரக்குகள். இவர் கையிலோ அவை பாட்டின் எதுகைக்கு ஏற்ப அளவு கூடவும் குறையவும் செய்கின்றன. சித்தர் சாபம் படித்தவரைத் தீண்டுவதில்லை. சாப நிவர்த்தி அறியாத எதிர்வீட்டுக்காரருக்கே அது பலிக்கிறது. ஆகையால் அந்த வீதி வழியே போகும் அன்பர்கள், திண்ணையிலிருந்து அவர், "மேலுக்கு எப்படீங்க இருக்குது?" என்று பரிவோடு விசாரிப்பாராகில், மூட்டுவலி உயிரை வாங்கினாலும், "பரம சௌக்கியமுங்க" என்று சொல்லி நடையை எட்டிப் போடுவது ஆயுளுக்கு நல்லது.