சீப்பு வேண்டாத பிரதமர்

சனிக்கிழமை மதியம் பரணைச் சுத்தம் செய்வதாக வாக்குக் கொடுத்திருந்தேன். அதிலிருந்து தப்பிக்கத்தான் ‘சேஞ்ச்’ என்ற ஜப்பான் தொடரைப் போட்டேன். 2008இல் ஃபூஜி தொலைக்காட்சியில் வந்தது. மொத்தமே பத்து வாரம். நம் தொடர்களில் பத்து வாரத்தில் ஒரு வளைகாப்புகூட முடியாது.

நாயகன் கெய்த்தா அசகுரா, வயது 35. நடித்தவர் தக்குயா கிமுரா. மலைப் பக்கத்து ஆரம்பப் பள்ளி வாத்தியார். நட்சத்திரம் பார்ப்பதைத் தவிர வேறு ஆசை கிடையாது. தலைமுடி சீப்பைக் கண்டு பல நாள் ஆனதுபோல் இருக்கும். எனக்குச் சீப்பு தேவைப்பட்டே பன்னிரண்டு வருஷமாகிறது. ஒற்றுமை அங்கேயே தொடங்கிவிட்டது.

எம்.பி.யான அப்பாவும் வாரிசான அண்ணனும் விபத்தில் இறந்துபோக, இடைத்தேர்தலுக்கு இவனை இழுத்து வருகிறார்கள். ஜப்பானில் தேர்தலுக்கு மூன்று வேண்டும் என்பார்கள்: ஜிபான், கன்பான், கபான். காலூன்ற நிலம், பெயர்ப்பலகை, பணப்பை. மூன்றும் அப்பனிடமிருந்து பிள்ளைக்கு வரும். தொடர் ஓடிய வருடம் நிஜப் பிரதமராக இருந்த யசுவோ ஃபுகுடா ஒரு பிரதமரின் மகன். அடுத்து வந்த தாரோ அசோ இன்னொரு பிரதமரின் பேரன். என் அப்பா எனக்கு விட்டுப் போனதும் ஒரு பைதான். மஞ்சப்பை. ரேஷனுக்கு இன்னும் உழைக்கிறது.

பிரதமர் ஒருவர் அவப்பெயரோடு விலக, அந்த நாற்காலியில் கெய்த்தாவை உட்காரவைக்கிறார் கன்பயாஷி என்ற மூத்த தலைவர். எதற்கு? பையனுக்கு ஒன்றும் தெரியாது, சொன்ன இடத்தில் முத்திரை குத்துவான், பிறகு கழற்றிவிடலாம். ஆனால் பையன் கோப்புகளை ராத்திரி முழுக்கப் படிக்கிறான். புரியாவிட்டால் அதிகாரியைக் கூப்பிட்டு, அஞ்சாம் கிளாஸ் பிள்ளைக்குச் சொல்வதுபோல் சொல்லுங்கள் என்கிறான். ஜெல்லிமீன் பெருகிப் பிழைப்புக் கெட்ட மீனவர்கள் அரசின்மீது போட்ட வழக்கில் ஜெயித்ததும், மேல்முறையீடு வேண்டாம் என்கிறான்.

ஞாயிறு விடிவதற்குள் பத்தையும் முடித்தேன். பரண் அப்படியே இருந்தது. நான்தான் மாறிவிட்டேன்.

அன்று எங்கள் அபார்ட்மென்ட் அசோசியேஷன் கூட்டம். முதல் வேலையாக லிஃப்ட் மெக்கானிக்கைப் பிடித்து, “அஞ்சாம் கிளாஸ் பையனுக்குப் புரியற மாதிரி சொல்லுப்பா” என்றேன். அவர் நிதானமாகச் சொன்னார். பக்கத்தில் நின்ற மூன்றாவது மாடி அஞ்சாம் கிளாஸ் பையனுக்குப் புரிந்துவிட்டது. “அங்கிள், நான் சொல்லித் தரட்டுமா?” என்றான்.

கூட்டத்தில் எழுந்து, கணக்கு வழக்கெல்லாம் வெளிப்படையாக இருக்க வேண்டும் என்று முழங்கினேன். செயலாளர் மறுப்பே சொல்லவில்லை. மெயின்டனன்ஸ் பாக்கிப் பட்டியலை எடுத்து வாசித்தார். முதல் பெயர் என்னுடையது. ஐந்து மாதம்.

தொடரிலும் அப்பாவின் லஞ்ச விவகாரம் பிரசாரத்தின் நடுவே வெடிக்கும். கெய்த்தா மழுப்பாமல் ஒத்துக்கொள்வான். ஜனம் உருகி ஓட்டுப் போடும். நானும் குரலைத் தழைத்து ஒத்துக்கொண்டேன். ஒருவரும் உருகவில்லை. அபராதம் சேர்த்துக் கட்டச் சொன்னார்கள்.

ஆனாலும் அன்றைக்கே என்னைப் பொருளாளராக்கிவிட்டார்கள்! கை தூக்காத ஆளில்லை. கடைசிப் பகுதியில் கெய்த்தா கேமராவைப் பார்த்து இருபது நிமிஷத்துக்கு மேல் பேசுவானே, அதுபோல் ஏற்புரைக்குத் தொண்டையைக் கனைத்தேன். அதற்குள் நாற்காலிகளை மடக்க ஆரம்பித்துவிட்டார்கள். செயலாளர் என் கையில் இரண்டு சாவி கொடுத்தார். “இது பீரோ. இது மோட்டார் ரூம். காலைல அஞ்சு மணிக்குப் போட்டு ஆறு மணிக்கு நிறுத்திடுங்க சார். போன பொருளாளர் தூங்கிட்டார்.”

வீட்டில் பெருமையாகச் சொன்னேன். “உங்களை எதுக்குப் போட்டாங்க தெரியுமாங்க?” என்றாள் மனைவி. தெரியும். கன்பயாஷிக்கு எல்லா நாட்டிலும் கிளை உண்டு. அதை ஒத்துக்கொள்ளாமல், ராத்திரி முழுக்கக் கண் விழித்துப் பழைய பில்களைப் படிக்கப்போவதாகச் சொல்லி ஃபைலை விரித்தேன்.

அஞ்சு மணிக்கு மோட்டாரைப் போட்டுவிட்டு வந்து படுத்தவனை ஆறே முக்காலுக்கு அவள்தான் எழுப்பினாள். மாடித் தொட்டியிலிருந்து ஜன்னலுக்கு வெளியே அருவிபோலத் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது. கீழே அந்த அஞ்சாம் கிளாஸ் பையன் குடை பிடித்துக்கொண்டு பள்ளிக்கூட வேனுக்குக் காத்திருந்தான்.