லிங்க்ட்இன் நிர்வாகத்தாருக்கு ஒரு விண்ணப்பம்

மகாகனம் பொருந்திய லிங்க்ட்இன் நிர்வாகத்தார் அவர்கள் சமூகத்திற்கு, எளிய அங்கத்தினன் ஒருவன் பணிவுடன் எழுதிக்கொள்வது.

2003ஆம் ஆண்டு மே மாதத்தில், உத்தியோகம் தேடுகிறவரையும் உத்தியோகம் கொடுக்கிறவரையும் ஒரே இடத்தில் சந்திக்கச் செய்யும் நல்லெண்ணத்தோடு தாங்கள் தொடங்கிய தளத்தில், இன்று நூறு கோடிக்கு மேற்பட்ட ஜனங்கள் பெயர் பதிந்திருக்கிறார்கள் என்பதும், அவர்களில் பலர் வேலை பார்த்தது போக மிச்சமான நேரத்தில் பிரசங்கம் செய்த காலம் மாறி, பிரசங்கம் செய்தது போக மிச்சமான நேரத்தில் வேலை பார்க்கும் காலம் வந்துவிட்டது என்பதும் தாங்கள் அறியாதவை அல்ல. அந்தப் பிரசங்கிகளின் சிரமத்தைப் போக்குவதற்காக, செயற்கை நுண்ணறிவு என்னும் புதிய சித்தியைக் கொண்டு, பக்கம் பக்கமாகத் தள்ளிப் பார்க்கும் கேரோசல் பதிவுகளை நொடிப்பொழுதில் தயாரித்துத் தரும் கருவிகள் பல கிளம்பியிருப்பது குறித்து என் ஆனந்தத்தைத் தெரிவித்துக்கொள்ளவே இக்கடிதம்.

அக்கருவிகளின் மகிமையே மகிமை. ‘தலைமைப் பண்பு’ என்று இரண்டு சொற்களைத் தட்டி, பிடித்த நிறத்தைத் தேர்ந்து, வட்டத்துக்குள் அடங்கும்படி நம் புகைப்படம் ஒன்றையும் கொடுத்துவிட்டால், தேநீர் ஆறுவதற்குள் பத்துப் பக்கங்கள் பிடிஎஃப் கோப்பாக இறங்கிவிடுகின்றன. முதல் பக்கத்தில், ‘வெற்றி பெற்ற தலைவர்கள் வெளியே சொல்லாத 7 ரகசியங்கள்’ என்ற கொட்டை எழுத்துத் தலைப்பும், வலது மூலையில் நம்மை அடுத்த பக்கத்துக்கு அழைக்கும் ஓர் அம்புக்குறியும் இருக்கும். அம்பைப் பின்பற்றிச் சென்றால், இரண்டாம் பக்கம் ரகசியம் வரப்போகிறது என்று சொல்லும். மூன்றாம் பக்கம் ‘கேளுங்கள்’ என்னும். நான்காம் பக்கம் ‘நம்புங்கள்’ என்னும். ஒன்பதாம் பக்கம் வரையில் இவ்வாறே ஏவல் வினைகளாக ஓடி, பத்தாம் பக்கத்தில் ஆசிரியர் வட்டத்துக்குள்ளிருந்து சிரித்தபடி, ‘பயன்பட்டதா? என்னைப் பின்தொடருங்கள்’ என்று முடிப்பார். தலைப்பில் ‘தலைவர்கள்’ என்பதை எடுத்துவிட்டு ‘விற்பனையாளர்கள்’ என்று போட்டாலும், ‘கணவன்மார்கள்’ என்றே போட்டாலும், உள்ளே ஓர் எழுத்தையும் மாற்ற வேண்டியதில்லை என்பது இக்கருவியின் சர்வ சமரச குணத்துக்குப் போதிய அத்தாட்சி.

தங்கள் எஜமானரான மைக்ரோசாஃப்ட் கம்பெனியார், பவர்பாயின்ட்டை உண்டாக்கிய ஃபோர்தாட் நிறுவனத்தை 1987இல் 1 கோடியே 40 லட்சம் டாலருக்கும், தங்களை 2016இல் 2,620 கோடி டாலருக்கும் கிரயம் பேசியதன் பின்னாலிருந்த தெய்வ சங்கற்பம் இப்போதுதான் விளங்குகிறது. காரியாலயத்தில் விளக்கை அணைத்துவிட்டு மேலதிகாரி சுவரில் காட்டிய சிலைடுகளை நாம் சம்பளத்துக்காகப் பார்த்தோம்; காட்டுகிறவர் எதிரில் நின்றபடியால், ‘இதற்கு ஆதாரம் என்ன?’ என்று எவரேனும் ஒருவர் எழுந்து கேட்க இடமும் இருந்தது. இன்று அதே சிலைடுகளைச் சம்பளமில்லாமல் பஸ்ஸிலும் படுக்கையிலும் பார்க்கிறோம். கேட்டால் பதில் சொல்ல வேண்டியவரோ, அந்தப் பக்கங்களைத் தாமே இன்னும் படித்திருக்கமாட்டார்.

சிலைடு விளையாட்டுக் காரியமன்று என்பதற்குத் தங்கள் தளம் பிறந்த அதே 2003ஆம் ஆண்டே சாட்சி. பிப்ரவரி 1ஆம் தேதி கொலம்பியா விண்கலம் சிதறி ஏழு பேர் மாண்டதற்குச் சில நாட்கள் முன்பு, அதன் இறக்கையில் மோதிய நுரைத் துண்டைப் பற்றிப் போயிங் பொறியாளர்கள் நாசாவுக்காகத் தயாரித்த சிலைடு ஒன்றில், ஆறுதல் தரும் வாசகம் தலைப்பாக மேலே நின்றது. அந்த ஆறுதலுக்கு ஆதாரமான பரிசோதனையில் பயன்பட்ட துண்டு 3 கன அங்குலம், கலத்தில் மோதியதோ 1,920 கன அங்குலம் என்ற பயங்கரமான உண்மை, அடிவரியில் சிறிய எழுத்தில் ஒதுங்கிக் கிடந்தது. எட்வர்ட் டஃப்டி என்ற அறிஞர் இதனை எடுத்துக்காட்டினார். விபத்தை ஆராய்ந்த குழுவும், தொழில்நுட்ப அறிக்கை இருக்க வேண்டிய இடத்தில் சிலைடுகளை வைத்துக் காரியம் நடத்தும் வழக்கத்தைக் கண்டித்தது. அப்பொறியாளர்கள் அடிவரியிலேனும் உண்மையை வைத்தார்கள். நம் கருவி தயாரிக்கும் பக்கத்துக்கோ அடிவரியே கிடையாது.

இதில் தங்கள் பங்கையும் மறைக்கலாகாது. ஓர் அங்கத்தினர் ஒரு பதிவைப் பார்த்தபடி எவ்வளவு நேரம் நிற்கிறார் என்பதையும் கொண்டு பதிவுகளை வரிசைப்படுத்துவதாகத் தங்கள் பொறியாளர்கள் 2020இல் எழுதினார்கள். படித்துச் சிந்தித்ததில் செலவான நேரத்துக்கும், விஷயம் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று தேடித் தேடித் தள்ளியதில் செலவான நேரத்துக்கும் அந்தக் கணக்கில் பேதம் உண்டா என்பதே என் சந்தேகம். பேதம் இல்லையென்றால், விஷயத்தை வைக்காமலே விட்டுவிடுவதுதான் ஜனங்களை நீண்ட நேரம் நிறுத்திவைக்கும் சுலபமான உபாயம் என்று கருவி செய்தவர்கள் கண்டுகொண்டதில் அவர்களைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. கேரோசலுக்கென்று 2022இல் கொடுத்த தனி வசதியைத் தாங்கள் அடுத்த ஆண்டே எடுத்துவிட்ட பின்னும், அது பிடிஎஃப் என்ற கொல்லைவழியாக நுழைந்து நடுக்கூடத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்திருக்கிறது.

கருவியின்மேல் எனக்கு யாதொரு குரோதமும் இல்லை. சுவரில் விழும் விரிசல்களில் எது அபாயமானது, எது அல்ல என்று தாம் எடுத்த படங்களைக் கொண்டே விளக்கும் கட்டடப் பொறியாளருக்கும், ஜிஎஸ்டி கணக்கில் வியாபாரிகள் வழக்கமாகத் தவறுகிற இடங்களைத் தம் அனுபவத்திலிருந்து எடுத்துச் சொல்லும் ஆடிட்டருக்கும், எழுத்தை அளவாக அமைத்து நிறம் பொருத்திக் கொடுப்பது பேருபகாரம். பக்கம் கட்டும் வேலையைக் கருவியிடம் தாராளமாக ஒப்படைக்கலாம். சரக்கு மனிதனிடமிருந்துதான் வர வேண்டும்.

ஆகையால் என் பிரார்த்தனை ஒன்றே. பதிவை ஏற்றும் இடத்தில், ‘இதை நீர் எந்த வேலையில், எப்போது கண்டறிந்தீர்?’ என்று ஒரு கட்டத்தை வைத்து, அதை நிரப்பாதவர்களின் பதிவுகளை முதல் பக்கத்தையும் கடைசிப் பக்கத்தையும் மட்டும் கொண்டு வெளியிடும்படி தாங்கள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும். நடுவிலுள்ள எட்டுப் பக்கங்கள் போவதால் வாசகருக்கு எவ்வித நஷ்டமும் இல்லை. ஆசிரியருக்கும் இல்லை, அவருடைய புகைப்படம் கடைசிப் பக்கத்தில் பத்திரமாக இருக்கும்.

இப்படிக்கு,
தங்கள் நூறு கோடியில் ஒருவன்