மேல் அம்பு, செலக்ட், பி: பழைய கேசட்டில் பிறர் சேமித்த ஆட்டத்தை அழிப்பது யார் பொறுப்பு என்பது பற்றிய ஆராய்ச்சி

பாயிரம்

தமிழில் ஆராய்ச்சிக்குப் பொருள் தீர்ந்துவிட்டது என்று முனைவர் பட்ட மாணவர்கள் புலம்புவது வழக்கம். சங்க இலக்கியத்தில் யானை முடிந்தது, உப்பு முடிந்தது, காக்கையும் முடிந்துவிட்டதாகக் கேள்வி. ஆனால் பெங்களூர் சிவாஜிநகரில் கைமாறும் பழைய கேம்பாய் கேசட்டில், முன்னால் வைத்திருந்தவன் சேமித்துவிட்டுப் போன ஆட்டத்தை அழிக்கும் கடமை யாருடையது என்ற கேள்வியை மட்டும் யாரும் தொடாமல் விட்டுவிட்டார்கள். அக்குறையை நீக்க எழுந்தது இக்கட்டுரை. நிதியுதவி யாரும் தரவில்லை, நாமும் கேட்கவில்லை.

ஆய்வெல்லை வருமாறு: வடக்கே கன்டோன்மென்ட் ரயில் நிலையம், தெற்கே கமர்ஷியல் தெரு, கிழக்கே அல்சூர் ஏரிக்குப் போகும் வழி, மேற்கே கன்னிங்காம் ரோடு. இந்நான்கெல்லைக்கு உட்பட்ட தெருக்கள், சந்துகள், 1927-இல் கட்டிய ரஸ்ஸல் மார்க்கெட், அதன் எதிரில் உள்ள மாதா கோயில் ஆகிய யாவும் இதில் அடங்கும். பஸ் ஸ்டாண்டும் அடங்கும், அதன் வாசனை நீங்கலாக.

கருவியும் நூலும்

கருவி, நின்டெண்டோ கம்பெனி 1989-இல் வெளியிட்ட கேம்பாய். நூல், 1996 பிப்ரவரியில் ஜப்பானில் சிவப்பு, பச்சை என்றும், 1998-இல் அமெரிக்காவில் சிவப்பு, நீலம் என்றும் இவ்விரண்டு பதிப்பாக வந்த, பிராணிகளைப் பிடித்துப் போருக்கு ஏவும் ஆட்டமான போகிமான். நம் பக்கத்து வீடுகளுக்கு இது கடை வழியாக வந்ததைவிட, துபாய் சித்தப்பாவின் பெட்டியில் சென்ட் பாட்டிலுக்கும் கோடாரித் தைலத்துக்கும் நடுவில் வந்ததே அதிகம். சித்தப்பா இல்லாத வீடுகளில் '9999 இன் 1' என்று எழுதிய பிரிக் கேம் அந்த இடத்தை நிரப்பியது. பிரிக் கேமில் சேமிப்பு என்பதே கிடையாது. செல்லைக் கழற்றினால் ஹை ஸ்கோரும் போய்விடும். அதில் வளர்ந்த பிள்ளைகளுக்குச் சொத்துப் பற்றுக் குறைவு என்று ஒரு கருத்து உண்டு. விரிப்பின் பெருகும்.

கேசட்டைத் திறக்க வீட்டிலிருக்கும் ஸ்க்ரூ டிரைவர் உதவாது. அதற்கென்று தனித் தலை வைத்த திருப்புளி வேண்டும். திறந்தால் பச்சைப் பலகையில் ஒரு லித்தியம் பட்டன் செல் தெரியும். 3 வோல்ட். ஆட்டம் எழுதியிருக்கும் சில்லுக்கு இந்த மின்சாரம் தேவையில்லை. அது அழியாத எழுத்து. சேமிப்பு இருக்கும் சில்லுக்குத்தான் இது தேவை. கேசட் பரணில் கிடந்தாலும் பழைய சாமான் குவியலில் கிடந்தாலும் இந்தச் செல் துளித்துளியாக ஊட்டிக்கொண்டே இருக்கும். ஊட்டுவது நின்றால் 32 கிலோபைட்டும் மறைந்துவிடும். 32 கிலோபைட் என்பது 32,768 பைட். கணினியில் யூனிகோடுத் தமிழ் ஒவ்வொரு குறிக்கும் 3 பைட் தின்னும் என்பதால் இந்தக் கட்டுரையே அதில் பெரும்பகுதியை அடைத்துவிடும். ஒரு பையனின் கோடை விடுமுறை முழுதும் அடங்கிய இடத்தில் நம் கட்டுரை ஒன்றுதான் அடங்கும் என்பதைப் பதிப்பாசிரியர்கள் கவனிக்க.

1999-இல் வந்த கோல்டு, சில்வர் கேசட்டுகளில் அதே செல் ஒரு கடிகாரத்தையும் சேர்த்து ஓட்டுகிறது; அதனால் விரைவில் தீரும். 2002-இல் வந்த ரூபியிலும் சஃபையரிலும் சேமிப்பை ஃபிளாஷ் சில்லுக்கு மாற்றிவிட்டார்கள். அவற்றில் செல் செத்தாலும் ஆட்டம் சாகாது. துன்பியல் இல்லாத இடத்தில் ஆராய்ச்சிக்கு வேலையில்லை.

அழிக்கும் முறை

சிவப்புக் கேசட்டில் சேமிக்க இடம் ஒன்றுதான். 1993-இல் வந்த செல்டா கேசட்டில் மூன்று பேர் தனித்தனிக் கணக்கு வைக்கலாம். 1992-இல் வந்த சூப்பர் மாரியோ லேண்டு இரண்டாம் பாகத்திலும் ஆளுக்கொரு குழாயாக மூன்று உண்டு. அழிக்க விரும்புவோருக்கு அதே திரையில் ஒரு வெடிகுண்டும் வரைந்திருக்கும். இவையெல்லாம் பாகப்பிரிவினை முடிந்த குடும்பங்கள். போகிமான் பிரிக்காத கூட்டுச் சொத்து. ஆகவே வழக்கும் அதில்தான் அதிகம்.

வழக்கு பிறக்கும் விதம் நுட்பமானது. அண்ணன் டியூஷன் போன நேரத்தில் தம்பி 'நியூ கேம்' தொட்டால் உடனே எதுவும் அழியாது. தம்பி தன் ஆட்டத்தைச் சேமிக்கப் போகும்போதுதான், பழைய கோப்பு அழிந்துவிடும், சம்மதமா என்று இயந்திரம் கேட்கும். கேள்வி ஆங்கிலத்தில் வரும். தம்பி இரண்டாம் வகுப்பு. வாய்மொழிச் சான்று கீழே:

"டேய், என் கேம் எங்கடா?"

"நான் ஒண்ணும் பண்ணலண்ணா. அதுவா என்னமோ கேட்டுச்சு. ஓகே குடுத்தேன்."

நாராயண பிள்ளை தெருவில் நடந்த இதே உரையாடல் டோக்கியோவிலும் நடந்திருக்கும் என்பதை ஒப்பிலக்கியத் துறையினருக்கு விட்டுவிடுகிறோம்.

தெரிந்தே அழிக்க விரும்புபவனுக்கு வேறு வழி வைத்திருக்கிறார்கள். தலைப்புத் திரை வந்ததும் மேல் அம்பு, செலக்ட், பி ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்த வேண்டும். கேம்பாயைக் கையில் வைத்துப் பாருங்கள். மேல் அம்பு இடது கட்டைவிரலுக்கு, பி வலது கட்டைவிரலுக்கு. செலக்ட் இரண்டுக்கும் நடுவே கீழே இருக்கிறது; அதற்குக் கட்டைவிரல் மிச்சமில்லை. ஏதாவது ஒரு கையைப் பிடியிலிருந்து எடுத்தாக வேண்டும். மறதியாகவோ தூக்கக் கலக்கத்திலோ செய்யக்கூடிய காரியம் அல்ல இது. இத்தனை சிரமப்பட்டு அழுத்திய பிறகும், எல்லாவற்றையும் அழிக்கவா என்று கேட்டு, வேண்டாம் என்பதன் மேல்தான் அம்புக்குறியை வைத்திருக்கிறது இயந்திரம். மற்ற இடங்களில் சம்மதம் மேலே இருக்கும். இங்கே மறுப்பு மேலே.

நம் முன்னோர்களும் இதையே வேறு விதமாகச் செய்தார்கள். தானக் கல்வெட்டின் கடைசியில், இந்தத் தர்மத்தை அழித்தவன் கங்கைக் கரையில் பசுவைக் கொன்ற பாவத்தில் போவான் என்று வெட்டி வைத்தார்கள். கல்வெட்டியலார் இதை ஓம்படைக்கிளவி என்பார்கள். சாபம் கொடுத்துக் காப்பாற்றியது நம் நாட்டு முறை, அம்புக்குறியை இடம் மாற்றிக் காப்பாற்றியது ஜப்பான் முறை. இரண்டில் எது பலித்தது என்றால், கல்வெட்டைப் படிக்கல்லாகப் போட்டவர்கள் நம்மூரில் ஏராளம் என்பதை மட்டும் சொல்லலாம்.

ஏழெழுத்துச் சிக்கல்

ஆடுபவன் பெயருக்கு ஆங்கிலத்தில் ஏழு எழுத்துக்கு மேல் இடமில்லை. சிவாஜிநகருக்கென்றே அளவெடுத்து வைத்தது போல முருகன் ஏழு, முஸ்தஃபா ஏழு, அந்தோணி ஏழு, பசப்பாவும் ஏழு. நான்கு வீட்டுப் பிள்ளைகளுக்கும் குறையின்றி இடம் கிடைக்கிறது. வெங்கடேஷ்தான் 'வெங்கடே' என்று பாதியில் நிற்பான். சுப்பிரமணி 'சுப்ரமா' ஆவான். சமயப் பொறையில் இந்த ஆட்டம் நூற்றுக்கு நூறு வாங்குகிறது; நீண்ட பெயர்க்காரர்களை மட்டும் நடத்தத் தெரியவில்லை.

எதிராளிக்குப் பெயர் வைக்கும் உரிமையும் ஆடுபவனுடையதே. அதற்கும் ஏழெழுத்து. வகுப்பில் பிடிக்காதவன் பெயர், கணக்கு வாத்தியார் பெயர், அல்லது பெயரே அல்லாத சொற்கள் இங்கே வைக்கப்படும். கட்டுரையின் முடிவு இந்த இடத்தில் இருக்கிறது. அதற்கு முன் களத்துக்குப் போக வேண்டும்.

கள ஆய்வு

பெயர் சொல்ல வேண்டாத ஒரு பழைய சாமான் கடையில், ரிமோட்டுகளுக்கும் சார்ஜர்களுக்கும் அடியில் சிவப்புக் கேசட் ஒன்று கிடைத்தது. ஒட்டுத்தாள் பாதி கிழிந்திருந்தது. பின்பக்கம் பேனாவால் யாரோ எதையோ எழுதி, வேறு யாரோ அதன் மேல் கிறுக்கியிருந்தார்கள். கடைக்கு எடுத்துப் போயிருந்த கேம்பாயில் செருகும் முன் தகட்டில் ஊதினேன். ஊதுவதால் பயனில்லை, எச்சில் ஈரம் தகட்டை அரிக்கத்தான் செய்யும் என்பது தெரிந்ததே. ஆனாலும் ஊதாமல் செருகிய கேசட்டை இந்தத் தேசம் கண்டதில்லை. திரை வந்தது. முதல் வரியிலேயே 'கன்டினியூ' இருந்தது.

"பாய், இதுல யாரோட கேமோ அப்படியே இருக்கே?"

"இருந்தா என்ன தம்பி, அழிச்சுக்கோ. அதுக்குத் தனியா காசு வாங்கல."

இதுவே கடைத்தெருவின் கொள்கை. வாங்கியவன் கேசட்டையும் வாங்கினான், அதில் உள்ளதையும் வாங்கினான், அழித்தாலும் வைத்திருந்தாலும் அவன் இஷ்டம். சிலேட்டு வாங்கினால் முன்னவன் எழுதிய வாய்ப்பாட்டுக்கு வாடகை கேட்பார்களா என்பது இவர்கள் வாதம்.

'கன்டினியூ' அழுத்தினால் உள்ளே போகுமுன் சின்னப் பெட்டி ஒன்று வரும். ஆடியவன் பெயர், வென்ற பேட்ஜ், பிடித்த இனங்களின் எண்ணிக்கை, ஆடிய நேரம். நேரம் 255 மணி 59 நிமிடத்தோடு நின்றுவிடும். அதற்கு மேல் ஆடியவனுடைய உழைப்புக்குக் கணக்கில்லை. இந்தக் கேசட்டில் பேட்ஜ் 7. ஜிம்முக்கு ஒன்றாக வெல்ல வேண்டியவை மொத்தம் 8. நம் ஆள் எட்டாவது பேட்ஜுக்குரிய விரிடியன் ஊர் ஜிம் வாசலில் நின்றபடி சேமித்திருக்கிறான். கதவைத் தட்டவில்லை. சிவப்புக் கேசட்டில் கடிகாரம் இல்லை. எனவே தேதி கிடைக்காது. எனினும் 7 பேட்ஜோடு ஒருவன் நிறுத்துவதற்கு இந்த மாநிலத்தில் ஒரே காரணம்தான் இருக்க முடியும்: மார்ச் மாதம், எஸ்.எஸ்.எல்.சி. பரீட்சை. இது நம் துணிபு; மறுப்போர் சான்று தருக.

விரிடியனிலிருந்து தெற்கே ஒரு சாலை நடந்தால் கதாநாயகனின் சொந்த ஊரான பேலட். அங்கே அவன் வீட்டுக்கும் எதிராளி வீட்டுக்கும் பெயர்ப்பலகை உண்டு. நடந்து போய்ப் பார்த்தேன். எதிராளி வீட்டுப் பலகையில் இருந்தது சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டில் கண்டக்டருக்கும் ஆட்டோக்காரருக்கும் இடையே அடிக்கடி வழங்கும் சொல். சரியாக ஏழெழுத்துக்குள் அடக்கியிருந்தான். அச்சேற்ற இயலாது.

பூர்வபட்சமும் மறுப்பும்

பாதுகாப்புக் கட்சியினர் எதையும் அழிக்கக் கூடாது என்பார்கள். உ.வே.சாமிநாதையர் ஏடு தேடிக் கரிவலம்வந்தநல்லூர் போனபோது, அங்கிருந்த பழைய ஏடுகளை நெய்யில் தோய்த்து ஓமத்தில் இட்டுவிட்டார்கள் என்று கேட்டு நொந்ததை 'என் சரித்திரம்' சொல்கிறது. அதே தவறைப் போகிமானிலும் செய்யலாமா என்பது இவர்கள் கேள்வி. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் ஓமத்தில் போனது ஏடு; அந்த ஏட்டில் கணக்கு வாத்தியாரைப் பற்றி ஏழெழுத்தில் ஒன்றும் இருந்திருக்காது.

மற்றொரு சாரார் சமரசம் சொல்கிறார்கள். இரண்டு கேம்பாயை வயரால் இணைத்து, அழிக்கும் முன் ஒரு பிராணியையாவது வேறு கேசட்டுக்கு மாற்றிவிடலாமாம். மாற்றிய பிராணி தன்னை முதலில் பிடித்தவன் பெயரையும் அவனுடைய ஐந்திலக்க எண்ணையும் கடைசிவரை சுமக்கும். புது வீட்டில் ஒன்றரை மடங்கு வேகத்தில் வளரும். ஆனால் போதிய பேட்ஜ் இல்லாதவன் ஏவினால் சொன்ன பேச்சுக் கேட்காது, சமயத்தில் போர் நடுவே தூங்கிவிடும். தத்துப் பிள்ளையைப் பற்றி நம் சட்ட நூல்கள் பக்கம் பக்கமாகச் சொன்னதை ஜப்பான்காரர் நான்கு விதியில் முடித்திருக்கிறார். இந்த வழி நல்ல வழிதான். வயரும் இரண்டாவது கேம்பாயும் இரண்டாவது கேசட்டும் யாரிடம் இருக்கிறது என்பதே கேள்வி.

மேற்கண்ட மூன்று கட்சிக்கும் ஒரே குற்றம் உண்டு. மூன்றும் வாங்கியவனைப் பற்றியே பேசுகின்றன. விற்றவனை யாரும் கேட்கவில்லை. முன்சொன்ன செல்டா ஆட்டத்தில் கடையில் பொருளைத் திருடிக்கொண்டு ஓடினால் அன்றுமுதல் கதாநாயகன் பெயரே திருடன் என்று மாறிவிடும். ஊரில் எல்லோரும் அப்படியே கூப்பிடுவார்கள். அந்தக் கணக்கை அழித்தாலொழிய பழைய பெயர் திரும்பாது. அப்படிப்பட்ட கேசட்டைப் பழைய விலைக்குப் போட்டுவிட்டுப் போனவன், தன் திருட்டையும் கூடவே விற்றுவிட்டுப் போகிறான். நம் சிவப்புக் கேசட்டுக்காரன் இன்று எங்கோ ஐ.டி. கம்பெனியில் மேலாளராக இருக்கலாம். எதிராளி வீட்டுப் பலகை அவனுக்கு மறந்திருக்கும். நமக்குத் தெரியும்.

துணிபு

அழிக்கும் உரிமை வாங்கியவனுடையது. அழிக்கும் கடமை விற்பவனுடையது. மூன்று விரலின் உழைப்பையும் மனச்சாட்சியையும் முன்பின் தெரியாதவன் தலையில் கட்டுவது முறையல்ல. ஆகவே வீட்டில் பழைய கேசட் வைத்திருப்போர் அதைக் கடையில் போடும் முன் ஒரு தடவை செருகிப் பாருங்கள். ஆட்டம் பிரியமானதாக இருந்தால் கேசட்டை விற்காதீர்கள். விற்பதானால் மேல் அம்பு, செலக்ட், பி மூன்றையும் சேர்த்து அழுத்தி, அம்புக்குறியைக் கீழே இறக்கிச் சம்மதம் கொடுத்துவிட்டுக் கொண்டுபோங்கள். தம்பியிடம் அந்த வேலையைக் கொடுக்க வேண்டாம்.