36 நாள் நாற்காலி

கேள்வி: பெங்களூரு நீதிபதி பி.வி.நாகரத்னா நாட்டின் முதல் பெண் தலைமை நீதிபதி ஆவாராம். ஆனால் 36 நாள்தானாம். அமெரிக்க ஃபெடரல் நீதிபதிகளுக்கோ ஆயுள் முழுக்கப் பதவி! நமக்கு மட்டும் ஏன் இந்தக் கஞ்சத்தனம்?

பதில்: அங்கே காலன் வந்து அழைக்கும்வரை பதவி. இங்கே காலண்டர் அழைத்தாலே போதும்: உயர் நீதிமன்றத்தில் 62, உச்ச நீதிமன்றத்தில் 65. சீனியாரிட்டிப்படி அவர் முறை வருவது 2027 செப்டம்பரில். அக்டோபர் 30 அன்று வயது 65! அவருடைய அப்பா இ.எஸ்.வெங்கடராமையா 1989-ல் அதே நாற்காலியில் சுமார் ஆறு மாதம் இருந்தார். 1991-ல் கமல் நாராயண் சிங்குக்கு மூன்று வாரம்கூடக் கிடைக்கவில்லை. அதைப் பார்த்தால் 36 நாள் தாராளம்.

ஆனால் நாகரத்னா பெயர் சொல்ல அந்த நாற்காலி வேண்டியதில்லை. 1987-ல் பெங்களூருவில் வக்கீலாகத் தொடங்கி, 2008-ல் கர்நாடக உயர் நீதிமன்ற நீதிபதியானவர். மறு ஆண்டே, போராடிய வக்கீல்கள் அவரை நீதிமன்ற அறைக்குள் வைத்துக் கதவைச் சாத்தினார்கள். (பூட்டியவர்கள் சட்டம் படித்தவர்கள் என்பதைக் கவனிக்க!) 2021-ல் உச்ச நீதிமன்றம் போனார். 2023 ஜனவரி 2 அன்று பணமதிப்பிழப்பு வழக்கில் நான்கு நீதிபதிகள் அரசின் பக்கம் நிற்க, 'நோட்டு செல்லாது' என்ற அறிவிப்பே செல்லாது என்று தனியாக எழுதினார். அதனால் நம் பழைய ஐந்நூறு திரும்பி வந்துவிடவில்லை. நிவாரணம் எதுவும் தர இயலாது என்பதையும் அவரே அதில் எழுதிவிட்டார்.