குலுமணாலி சார்

திண்டிவனம் ஸ்டேஷனில் காலை நேரத்து விழுப்புரம் பாசஞ்சருக்கு நிற்கும் கூட்டத்தில் அவரை அடையாளம் கண்டுகொள்வது சுலபம். கழுத்து வியர்வையைத் துடைத்துக்கொண்டே பனிப்பொழிவைப் பற்றிப் பேசுபவர் யாரோ, அவர்தான். செல்போனை எடுத்துப் பார்ப்பார். "கேலாங்ல மைனஸ் பத்து" என்று பொதுவாக அறிவிப்பார். கேலாங் எங்கே இருக்கிறது என்று யாரும் கேட்பதில்லை. முன்பு கேட்டவர்கள் இப்போது வேறு பெட்டியில் ஏறுகிறார்கள்.

உத்தியோகம் எதுவாகவும் இருக்கலாம். கலெக்டர் ஆபீஸில் சூப்பிரண்டு, பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார், கூட்டுறவு வங்கியில் காசாளர். ரிட்டயர் ஆக இன்னும் நாலைந்து வருஷம் இருக்கும். பையில் சாப்பாட்டு டப்பா, சீசன் டிக்கெட், பிரஷர் மாத்திரை, இவற்றோடு அட்டை போட்ட நீள நோட்டு ஒன்று. முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி. அதன் கீழே 'வட இந்தியக் குளிர்காலச் சுற்றுலா, 7 நாள்' என்று பேனாவில் கொட்டை எழுத்து. வருஷம் மட்டும் பென்சிலில்.

வருகைப் பதிவேட்டில் இருக்கும் பெயரைப் பெட்டியில் யாரும் சொல்வதில்லை. அங்கே அவர் குலுமணாலி சார். குலு வேறு, மணாலி வேறு, நடுவில் நாற்பது கிலோமீட்டர் இருக்கிறது என்று அவர் எத்தனையோ முறை சொல்லிப் பார்த்துவிட்டார்.

வண்டி கிளம்பியதும் பயணமும் கிளம்பும். மயிலம் வருவதற்குள் டெல்லியில் இறங்கிக் குளித்து முடித்தாக வேண்டும். பேரணியில் கால்கா. அங்கே 1903-இல் ஓடத் தொடங்கிய சின்ன ரயிலில் எல்லாரையும் ஏற்றி உட்கார வைப்பார். சிம்லா வரை 96 கிலோமீட்டர், 102 சுரங்கம், 2008-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது.

"எவ்ளோ நேரம் ஆவும் சார்?"

"அஞ்சு மணி நேரத்துக்கு மேல."

"தொண்ணூத்தாறு கிலோமீட்டருக்கா? நம்ம பாசஞ்சரே தேவல சார்."

இது அவர் காதில் விழாது. அப்போது அவர் பரோக் சுரங்கத்துக்குள் இருப்பார். அது மட்டுமே ஒரு கிலோமீட்டருக்கு மேல். விக்கிரவாண்டியில் மணாலி. சிக்னல் கிடைக்காமல் வண்டி நின்றால் மணாலியில் ஒரு ராத்திரி கூடுதலாகத் தங்கலாம். அதற்கு மேலே லாஹுல் பக்கம் ஏறும்போது உயரம் ஒத்துக்கொள்ளாமல் யாருக்காவது மூச்சு முட்டும் என்பதையும் அவர் கணக்கில் வைத்திருக்கிறார். அது பெரும்பாலும் முண்டியம்பாக்கத்தில் நேரும். மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரி அங்கேதான் இருக்கிறது. பிறகு விழுப்புரம் ஜங்ஷனில் இறங்கி, ஆளுக்கொரு டீ குடித்துவிட்டு, அவரவர் ஆபீசுக்குப் போவார்கள். சாயங்காலம் திரும்பும்போது காஷ்மீர்.

அவரைப் புளுகர் என்று யாராவது நினைத்தால் தப்பு. சொல்வதெல்லாம் சரியாகத்தான் இருக்கும். ரோத்தாங் கணவாய் 3,978 மீட்டர், குளிர்காலத்தில் மூடிவிடுவார்கள் என்பார், மூடியிருக்கும். அதன் அடியில் குடைந்த அடல் சுரங்கம் 9.02 கிலோமீட்டர், 2020 அக்டோபர் 3 அன்று திறந்தார்கள், அதனால் இப்போது பனிக்காலத்திலும் லாஹுலுக்குள் போய்வரலாம் என்பார், போய்வரலாம். ஸ்பிதிக்கு மணாலி வழியாக டிசம்பரில் கிளம்புகிறவன் முட்டாள், குன்சும் கணவாய் பனியில் புதைந்திருக்கும், சிம்லா, கின்னோர் என்று சுற்றித்தான் போக வேண்டும் என்பார். லேயில் இறங்கினால் முதல் இரண்டு நாள் படுத்தே கிடக்க வேண்டும். காஷ்மீரில் டிசம்பர் 21-இலிருந்து நாற்பது நாளுக்குச் சில்லாய் கலான் என்று பெயர், தால் ஏரியே ஓரத்தில் உறையும். கேட்டுக்கொண்டிருக்கும் நமக்கு உள்ளங்கை குளிரும். ஜன்னலுக்கு வெளியே வேர்க்கடலைக் கொல்லை காய்ந்துகொண்டிருக்கும்.

இவ்வளவு தெரிந்து வைத்திருப்பதில் ஒரு சங்கடம் உண்டு. நாடு முன்னேறும் ஒவ்வொரு தடவையும் அவருடைய பயணம் ஒரு வருஷம் பின்னால் போகும். அடல் சுரங்கம் திறந்ததும் மணாலிப் பக்கங்களை எல்லாம் அடித்துவிட்டுப் புதிதாக எழுதினார். 2025 ஜூன் 6-ஆம் தேதி செனாப் பாலத்தின் மேல் ரயில் ஓடத் தொடங்கி, கத்ராவிலிருந்து ஸ்ரீநகருக்கு ரயிலிலேயே போகலாம் என்று ஆனபோது பெட்டியில் எல்லாருக்கும் மைசூர்பாகு கொடுத்தார். "ஆத்துக்கு மேல 359 மீட்டர் சார்!" என்று சொல்லும்போது கண் கலங்கியது. காஷ்மீர் அத்தியாயம் முழுவதையும் திருத்த வேண்டியிருப்பதால் அந்த வருஷமும் கிளம்ப முடியாது என்பதை மறுநாள் சொன்னார்.

ரயில்வேயின் மேல் அவருக்கு இருக்கும் ஒரே மனக்குறை முன்பதிவுக் காலம். 2024 நவம்பர் 1-இலிருந்து அதை 120 நாளிலிருந்து 60 ஆகக் குறைத்துவிட்டார்கள். டிக்கெட் கிடைக்காது என்ற கவலையெல்லாம் அவருக்குக் கிடையாது. "நாலு மாசம் நெனச்சிக்கினு இருந்தோம் சார். இப்ப ரெண்டு மாசத்துக்குள்ள போயிட்டு வந்துடணும்னா எப்படி?" இங்கிருந்து எந்த ரயில் என்பதில் மட்டும் குழப்பமே இல்லை. விழுப்புரத்தில் திருக்குறள் எக்ஸ்பிரஸில் ஏறினால் நிஜாமுதீனில் இறங்கலாம். ஆனால் ஜனவரியில் டெல்லிப் பக்கம் மூடுபனி, வண்டி எத்தனை மணி நேரம் தாமதமாகும் என்று சொல்ல முடியாது. அந்தத் தாமதத்துக்கென்று நோட்டில் தனிப் பக்கம் இருக்கிறது.

வீட்டில் நிலைமை வேறு. அவர் மனைவி ஆரம்பத்திலிருந்தே காஷ்மீர் கட்சி. 'ரோஜா' பார்த்த நாளிலிருந்து. ஒரு நாள் அவர் பொறுமையாக விளக்கினார்: அது 1992, காஷ்மீரில் கலவரமான நேரம், அங்கே படம் எடுக்க முடியாது, நீ பார்த்த பனி மணாலிப் பனி, மீதியை ஊட்டி, குன்னூரில் எடுத்தார்கள்.

"அப்ப ஊட்டிக்காவது கூட்டிக்கினு போங்க" என்றார் அந்த அம்மாள்.

சார் அன்று திண்ணையில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாராம்.

உடை விஷயத்தில் அவர் பரிசோதனைக்காரர். பருத்தி பனியன் கூடாது; வியர்வையைக் குடித்து வைத்துக்கொண்டு பிறகு அதுவே குளிரும். உடம்போடு ஒட்டி தெர்மல், அதன் மேல் கம்பளி, எல்லாவற்றுக்கும் மேல் காற்றுப் புகாத கோட்டு. பனி இருக்கும் இடத்துக்குப் போகிற வழியிலேயே கோட்டும் பூட்ஸும் வாடகைக்குக் கிடைக்கும், கடைக்குக் கடை நம்பர் போட்டிருக்கும், நம்பரை எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். மார்கழி வந்தால் திண்டிவனம் பிளாட்பாரத்தில் ஒத்திகை. இருபது டிகிரி விடியலில் குரங்குக் குல்லாய், மஃப்ளர், கையுறை. தெர்மல் வாங்கிய புதிதில் அதைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு, ஊரிலேயே குளிரான இடம் அதுதான் என்று ஒரு ஏ.டி.எம். அறைக்குள் போய் நின்று பார்த்தார். கால் மணி நேரம் ஆகியும் பணம் எடுக்காமல் அவர் கண்ணை மூடிக்கொண்டு நிற்பதைக் கண்ட காவலாளி உள்ளே வந்து, "உடம்பு சரியில்லையா சார்?" என்று கேட்டார். அந்த அனுபவமும் நோட்டில் ஏறியிருக்கிறது: 'திருப்தி. கழுத்துப் பக்கம் அரிப்பு.'

சமையல் பகுதி சுருக்கமானது. பருப்புப் பொடி, புளிக்காய்ச்சல், நார்த்தங்காய், சின்ன பிரஷர் குக்கர். உயரம் போகப் போகத் தண்ணீர் குறைந்த சூட்டிலேயே கொதித்துவிடும், அரிசி வேகாது, அதனால்தான் குக்கர். இதை அவர் சொல்லும்போது எதிரே உட்கார்ந்திருக்கும் இயற்பியல் டீச்சர் தலையாட்டுவார்.

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரிப் பக்கம் கரை கடந்தது. மயிலத்தில் மழை ஐம்பது சென்டிமீட்டரைத் தொட்டது. விழுப்புரத்தில் வீட்டுக்குள் தண்ணீர். இரண்டாம் தேதி விக்கிரவாண்டிக்கும் முண்டியம்பாக்கத்துக்கும் நடுவே ரயில் பாலத்தைத் தொடுகிற அளவுக்கு வெள்ளம் ஏறி, அந்தப் பாதையில் வண்டிகளை நிறுத்திவிட்டார்கள். அவரவர் அரிசி மூட்டையைப் பரணில் ஏற்றிக்கொண்டிருந்த நேரத்தில் பெட்டி நண்பர்களின் வாட்ஸ்அப் குழுவில் அவருடைய தகவல் வந்தது: 'சோலாங் பள்ளத்தாக்கு தெளிவான வானம்.' திட்டுவதற்குக்கூட யாருக்கும் சார்ஜ் இல்லை.

இந்த வகை மனிதரைப் பற்றி எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. கணவனும் மனைவியுமாக இரண்டு பேர் மணாலி போய்வர இன்று பெரிய தடை ஒன்றும் இல்லை. டெல்லி காஷ்மீரி கேட்டில் சாயங்காலம் ஹிமாச்சல் பஸ்ஸில் ஏறினால் காலையில் இறங்கலாம். இது அவருக்கு நம்மைவிட நன்றாகத் தெரியும். ஆனாலும் பன்னிரண்டு பேர் இல்லாமல் பேச்சில்லை என்பார். காரணம் டெம்போ டிராவலர். "பன்னெண்டு சீட்டு சார். காலி சீட்டுக்கு யாரு காசு தர்றது?"

நம் பக்கத்தில் மார்கழி, தை மாசத்தில் பன்னிரண்டு பேர் சேர்ந்து கிளம்புவது என்றால் பாருங்கள். ஒருவர் சபரிமலைக்கு மாலை போட்டிருப்பார். ஒருவர் வீட்டில் மேல்மருவத்தூருக்கு இருமுடி, அந்த அம்மாள் செவ்வாடையில் இருப்பார். ஒருவருக்கு அரையாண்டு விடைத்தாள். ஒருவருடைய கரும்புக்கு ஆலையிலிருந்து அப்போதுதான் கட்டிங் ஆர்டர் வரும். ஒருவருக்குத் தங்கச்சி மகள் வளைகாப்பு. பொங்கல் விடுமுறையில் போகலாம் என்றால், மாட்டுப் பொங்கலன்று மாட்டை யார் குளிப்பாட்டுவது? இவ்வளவும் தெரிந்தவர்தான் அந்தப் பன்னிரண்டு பேரையும் தேடித்தேடிச் சேர்க்கிறார். கழன்றுகொள்ளக்கூடிய ஆளாகப் பார்த்துத்தான் சேர்க்கிறாரோ என்று எனக்குத் தோன்றும்.

ஆள் நிலைத்துவிட்டால் அவர் முகத்தில் கலவரம் தெரியும். ஒரு முறை ஒன்பதாவது ஆள் முன்பணத்தைக் கையில் எடுத்துக்கொண்டே வந்துவிட்டார். அன்று சார் வேறு பாஷை பேசினார். ரோட்டின் மேல் கண்ணுக்கே தெரியாமல் கண்ணாடிப் படலமாக ஐஸ் பிடித்திருக்கும், சக்கரத்துக்குச் சங்கிலி கட்டினாலும் வழுக்கும், 2024 டிசம்பர் கடைசியில் சோலாங்குக்கும் அடல் சுரங்கத்துக்கும் இடையே நூற்றுக்கணக்கான வண்டிகள் பனியில் மாட்டிக்கொண்டு போலீஸ் வந்து மீட்டது என்று மயிலத்திலிருந்து முண்டியம்பாக்கம் வரை விவரித்தார். அத்தனையும் நிஜம். ஒன்பதாவது ஆள் அந்தப் பணத்தில் குடும்பத்தோடு திருப்பதி போய்வந்து லட்டு கொடுத்தார்.

வடக்கே போகிற விஷயத்தில் இந்த மண்ணுக்குப் பெரிய முன்னோடிகள் உண்டு. சேரன் செங்குட்டுவன் கண்ணகிக்குக் கல் எடுக்க இமயத்துக்குப் போய்த் திரும்ப முப்பத்திரண்டு மாதம் ஆனது என்கிறது சிலப்பதிகாரம். "அவருக்கு லீவு சாங்ஷன் பண்ண வேண்டிய ஆளே அவருதான்" என்று சார் அதைத் தள்ளிவிடுவார். அவர் மனசுக்கு நெருக்கமானவர் அப்பர். பண்ருட்டிப் பக்கம் திருவாமூர், பழைய தென்னாற்காட்டுக்காரர், நம்ம ஆள். கைலாசம் பார்க்கக் கிளம்பி, கால் தேய்ந்து, கை தேய்ந்து, மார்பால் ஊர்ந்து போனவரை, குளத்தில் முழுகச் சொல்லித் திருவையாற்றில் எழுப்பிக் காட்சி கொடுத்தார் சிவபெருமான். "அப்பரையே திருப்பி அனுப்பிட்டாங்க சார்" என்பார் குலுமணாலி சார், ஏதோ தனக்கும் அந்த உத்தரவு பொருந்தும் என்கிற தோரணையில். அப்பருக்குத் தேய்ந்தது உடம்பு. இவரிடம் தேய்ந்தது நோட்டு அட்டை என்பதை யாரும் எடுத்துச் சொல்வதில்லை. (இன்னொன்றும் சொல்வதில்லை. 2025-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த செஞ்சிக் கோட்டை திண்டிவனத்திலிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரம். ராஜகிரி உச்சிக்கு அவர் இதுவரை ஏறியதில்லை. "வெயில் சார்.")

போன ஜனவரியில் ஒரு விபரீதம் நடந்தது. அதே பெட்டியில் வரும் பையன் ஒருவன், ஏதோ ஆபீஸில் ஒப்பந்தத்தில் கம்ப்யூட்டர் ஆபரேட்டர், யாரிடமும் சொல்லாமல் மூன்று நண்பர்களோடு மணாலி போய்வந்துவிட்டான். நோட்டு இல்லை, குக்கர் இல்லை. ஜீன்ஸ் பேண்டோடு பனியில் உட்கார்ந்திருக்கும் போட்டோ மட்டும் இருந்தது. பெட்டியே அவன் போனைச் சுற்றி நின்றது. சார் மட்டும் உட்கார்ந்த இடத்திலிருந்து விசாரணையைத் தொடங்கினார்.

"ஹடிம்பா கோயில் பார்த்தியா?"

"அது எங்க சார் இருக்குது?"

"மணாலியிலயேதான். 1553-ல கட்டுனது. தேவதாரு காட்டுக்கு நடுவுல, அடுக்கடுக்கா மரக் கூரை."

"நாங்க ரூமுக்குப் போற வழியில ஒண்ணு இருந்துச்சு சார். உள்ள போவல."

"வசிஷ்ட்ல வெந்நீர் ஊத்து?"

"மூணு நாளா குளிக்கவே இல்ல சார்."

"அடல் சுரங்கத்துக்கு அந்தாண்ட போனியா? சிஸ்ஸு?"

"போனோம் சார். பேரு தெரியாது."

கூட்டம் மெதுவாகச் சார் பக்கம் நகர்ந்தது. போனவன் ஒன்றும் பார்க்கவில்லை என்பது எல்லாருக்கும் உறுதியாகிவிட்டது. சார் நோட்டைத் திறந்து, கோட்டு வாடகை, டாக்சி, ரூமில் ஹீட்டருக்குத் தனியாக வாங்கியது என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டார். ஒவ்வொன்றுக்கும் "ஏமாத்திட்டான்" என்றார். பையனுக்குக் கோபமே வரவில்லை, நல்ல பையன்.

"அடுத்த வாட்டி நீங்களும் வாங்க சார். உங்களுக்குத்தான் எல்லாம் தெரியுதே. நாலு பேரு இருந்தா போதும், டாக்சி கெடைக்குது."

பெட்டியில் பேச்சு நின்றது. எல்லாரும் சாரைப் பார்த்தார்கள். அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார்.

"நாலு பேருன்னா தலைக்கு எவ்ளோ விழும், யோசிச்சியா? மொதல்ல மிச்ச எட்டுப் பேரைப் புடி. புடிச்சிட்டு வா, பேசலாம்."