இருக்கை மாறாமையும் விக்கெட் விழாமையும்: எண்ணவிசையியலில் ஒரு முன்னாய்வு

ஒருமுகப்பட்ட எண்ணம் பொருளை அசைக்குமா என்று அளக்க, பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் 1979 முதல் 2007 வரை ஓர் ஆய்வகமே நடந்தது. சீரற்ற எண்களை உமிழும் கருவிக்கு முன் ஆட்களை உட்காரவைத்து நினைக்கச் சொன்னார்கள். கண்டதாகச் சொன்ன விளைவு மிகச் சொற்பம். பிற ஆய்வகங்களில் அதுவும் கிட்டவில்லை. கிரிக்கெட்டை வைத்துச் சோதிக்காததே பிழை என்பது நம் துணிபு.

இத்துறையின் முதல் விதி பாமரரும் அறிந்தது: பார்ட்னர்ஷிப் நிலைத்திருக்கையில் எவரும் இடம் மாறலாகாது. கால் மரத்தால் மரக்கட்டும். விசையின் அலகு 'ஐயோ'. உயர எழும்பிய பந்தை ஃபீல்டர் கையிலிருந்து நழுவவைக்கத் தேவைப்படும் எண்ணம் ஓர் ஐயோ எனக் கொள்க.

சான்று: 2011 ஏப்ரல் 2, வான்கடே, உலகக் கோப்பை இறுதியாட்டம். இலக்கு 275. இரண்டாம் பந்திலேயே சேவாக் அவுட். வீடுகளில் அப்போது யாரும் ஒழுங்காக உட்கார்ந்திருக்கவில்லை. உட்கார்ந்த பின் நடந்தது ஊரறியும்: தோனி ஆட்டமிழக்காமல் 91, பத்துப் பந்து மிச்சம். கம்பீர் 97இல் போனது பெரேராவின் பந்துக்கு இறங்கி வந்து ஆடியதால் என்பது மேலோட்டமான விளக்கம். எங்கோ ஒருவர் தண்ணீர் குடிக்க எழுந்திருக்கிறார்.

1996 உலகக் கோப்பையின் ஈடன் கார்டன்ஸ் அரையிறுதியைக் காட்டி மடக்குவோர் உண்டு. ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் நேரிலேயே நினைத்தும், 98க்கு ஒரு விக்கெட் என்றிருந்த இந்தியா 120க்கு எட்டு என்றானது. ஆட்டம் இலங்கைக்குப் போனது. ஆனால் அன்று இருக்கைகளுக்கே தீ வைத்தார்கள். எரிகிற இருக்கையில் இடம் மாறாமல் இருப்பதெப்படி? விக்கெட்டுகள் விழுந்த பிறகுதானே தீ என்பீர்கள். நல்ல கேள்வி, இத்துறையில் விளைவு முந்தும், காரணம் பிந்தும்.

இதற்கு நேரலையே சாட்சி. டிவிக்குப் படம் சில நொடி தாமதமாகவே வருகிறது. செல்போனில் இன்னும் தாமதம். நாம் மூச்சைப் பிடித்துக்கொண்டு நினைக்கும் பந்து அங்கே ஏற்கெனவே வீசப்பட்டுவிட்டது. மாடிவீட்டு டிவியிலிருந்து கூச்சலும் வந்தாயிற்று. ஆகவே எண்ணம் பின்னோக்கிப் பாய்கிறது என்பது பெறப்படும். ஒளியைவிட வேகமா என்பதை இயற்பியலார் பார்த்துக்கொள்ளட்டும்.

எஞ்சியிருப்பது பொறுப்பு நிர்ணயம். விக்கெட் விழும் நொடியில் உள்ளே நுழைந்தவர் எவரோ அவரே காரணர். அவரை ஆட்டம் முடியும்வரை வாசலில் நிறுத்துவது மரபு. சித்தப்பாவாக இருந்தால் காபி வாசலுக்கே போகும்.