கணினித் தேசவழமை: வேர்க் போல்டர்ஸ் சொத்துப் பாகுபாடு

பாயிரம்

யாழ்ப்பாணத்தில் எந்தப் பொருளைக் கண்டாலும் முதலில் எழும் கேள்வி, 'இது ஆருடையது?' என்பதே. ஒல்லாந்தர் காலத்துத் திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் 1707 இல் இவ்வூர் வழக்குகளைத் தேசவழமை எனத் தொகுத்து எழுதினார். 12 முதலிமார் படித்துப் பார்த்துச் சரியென்று ஒப்பினர். 1806 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்க ஒழுங்குவிதி அதற்குச் சட்ட வலுக் கொடுத்தது. காணி, பனை, மாடு, ஈடு, நன்கொடை என எல்லாவற்றுக்கும் விடை சொன்ன தேசவழமை, டிஎல்எல் என்னும் நூலகப் பைல்களைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. அக்குறை நீக்குதலே இந்நூலின் பயன்.

நூல் நுதலியது: 2013 இல் விண்டோஸ் 8.1, விண்டோஸ் சேவர் 2012 ஆர்2 ஆகியவற்றுடன் மைக்ரோசொப்ட் தந்த வேர்க் போல்டர்ஸ். கந்தோர் மேசைக் கணினியில் திருத்திய பைல், சேவர் வழியாக உங்கள் லப்டொப்புக்கும் வந்து சேரும் ஏற்பாடு இது. இதில் அகப்படும் சொத்து மூவகைப்படும். அவை முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்பன.

1. முதுசவியல்

நாம் உழைத்துத் தேடாமல் விண்டோஸோடு வந்து சேர்ந்தவை முதுசம். சிஸ்டம்32 என்னும் வளவே அவற்றின் இருப்பிடம். அவற்றுள் டிஎல்எல்கள் தொழில் பற்றி ஐவகைப்படும்.

உழைப்பது: வேர்க்போல்டர்ஸ்எஸ்விசி.டிஎல்எல். மாற்றம் கண்டு சேவருக்கு அனுப்புவதும் அங்கிருந்து எடுப்பதும் இதன் பாடு. ஆயினும் டிஎல்எல் தானாக எழுந்து நடக்காது; எஸ்விசிஹோஸ்ட் என்னும் நிரல் அதை ஏற்றிக்கொண்டால்தான் நடக்கும். எதை ஏற்றுவது என்பது ரெஜிஸ்ட்ரியில் பதிவாகியிருக்கும். ரெஜிஸ்ட்ரியைக் காணிப் பதிவேடான தோம்பு எனக் கொள்க.

கேட்பது: வேர்க்போல்டர்ஸ்கொன்ட்ரோல்.டிஎல்எல். கொன்ட்ரோல் பனலில் அமர்ந்து முகவரி முதலிய விபரம் கேட்கும்.

காட்டுவது: வேர்க்போல்டர்ஸ்ஷெல்.டிஎல்எல். பைல் எக்ஸ்ப்ளோரரில் தலை காட்டும்.

ஏவல் கொணர்வது: வேர்க்போல்டர்ஸ்ஜிபிஎக்ஸ்ட்.டிஎல்எல். குரூப் பொலிசி வழியே கந்தோர் இடும் கட்டளையை இறக்கிவைக்கும்.

பேச்சு மட்டும் உடையது: வேர்க்போல்டர்ஸ்ரெஸ்.டிஎல்எல். எழுத்தும் படமும் வைத்திருக்கும். வேலை ஒன்றும் செய்யாது. இவ்வகையினர் எல்லாக் கந்தோர்களிலும் இருப்பதால் விளக்கம் வேண்டாமையின் விடுத்தாம்.

வேர்க்போல்டர்ஸ்.இஎக்ஸ்இ என்பதையும் சேர்க்கலாகாதோ எனின், சேர்க்கலாகாது. அது தானே நடக்க வல்லது. ஆதலின் இந்த டிஎல்எல் குடியில் சேராது.

சிஸ்டம்32 என்றால் 32 பிட் பைல்கள் இருக்கும் இடந்தானே எனின், அன்று. 64 பிட் விண்டோஸில் 64 பிட் நூலகங்கள் சிஸ்டம்32 இல் இருக்கும். 32 பிட் நூலகங்கள் சிஸ்வோவ்64 இல் இருக்கும். பழைய மென்பொருள்கள் பழைய பெயரையே தேடிவரும் என்றஞ்சி வளவின் பெயரை மாற்றாது விட்டார்கள்.

இன்னொரு வினா. இதே பைல் வின்எஸ்எக்ஸ்எஸ் என்னும் களஞ்சியத்திலும் தெரிகிறதே, இரண்டு பிரதிகளோ எனின், இல்லை. வட்டில் இருப்பது ஒன்றே, பெயர்தான் இரண்டு. ஒரு காணிக்கு இரண்டு உறுதி, இரண்டும் நல்லுறுதி. யாழ்ப்பாணத்து நொத்தாரிசுமார் இதை நம்பமாட்டார்கள்.

கள்ள உறுதியும் உண்டு. டிஎல்எல் ஒன்று காணாமற்போனால் அறியாத தளமொன்றிலிருந்து அதை இறக்கிப் போடுவோரே கள்ள உறுதி முடிப்பவர்கள். நேர்வழி எஸ்எஃப்சி கட்டளையால் களஞ்சியத்துப் பைலைக் கொண்டே மீட்பது.

முதுசத்தின் உரித்தாளி யார்? கணினி வாங்கியவர் அல்லர். விஸ்டா காலம் முதல் இவ்வகைப் பைல்களின் உரிமை டிரஸ்டட் இன்ஸ்டோலர் என்னும் விண்டோஸ் சேவையின் பெயரில் இருக்கிறது. நிர்வாகி வந்து அழிக்கப் பார்த்தாலும் அனுமதி இல்லை என்ற விடையே கிடைக்கும்.

2. சீதனவியல்

உத்தியோகத்தோடு வந்தவை சீதனம்: சேவரில் ஒதுக்கிய இடம், அதன் அளவு, பைலைப் பூட்டும் குறியாக்கச் சாவி. உங்கள் வீட்டு லப்டொப்பில் இருந்தாலும் அவை வந்த இடத்துக்கே உரியவை. பிள்ளையில்லாது இறந்தவளின் சீதனம் பிறந்தகத்துக்குத் திரும்பும் என்பது பழைய வழக்கு. இங்கும் அதுவே: வேலையை விட்டவரின் சாவியைக் கந்தோர் தொலைவிலிருந்தே செல்லாததாக்கலாம். பைல் கிடந்த இடத்திலேயே கிடக்கும், திறக்காது.

3. தேட்டவியல்

நீங்கள் எழுதிச் சேர்த்தவை தேடியதேட்டம். மணவாழ்வில் தேடியது கணவன் மனைவிக்குப் பாதி பாதி என்பது வழக்கு. இயந்திரத்துக்குப் பாதியாக்கத் தெரியாது; சேவருக்கும் முழுதாய், லப்டொப்புக்கும் முழுதாய் வைக்கும். புதிதாய் ஏதும் உண்டோ என்று 10 நிமிடத்துக்கொரு தடவை சேவரைக் கேட்கும். 2022 மார்ச் கடைசியில் நாளொன்றுக்கு 13 மணி நேரம் மின்சாரம் நின்ற காலத்தில், இக்கேள்விக்கு விடை சொல்ல எத்தனை சேவர்கள் விழித்திருந்திருக்கும்!

4. பிணக்கியல்

வேர்க் போல்டர்ஸில் ஒருவர் போல்டரை இன்னொருவரோடு பங்கிட முடியாது. ஆகவே பங்காளிச் சண்டைக்கு இடமில்லை. ஒருவர் தம்மோடு தாமே பிணங்குவது ஒன்றே எஞ்சும். உதாரணம்: உத்தியோகத்தர் ஒருவர் யாழ்ப்பாணத்தில் மேசைக் கணினியில் அறிக்கையைத் திருத்துகிறார். லப்டொப் அதை வாங்குமுன் குறிகட்டுவானில் படகேறி நெடுந்தீவு போய், சிக்னல் இல்லாத இடத்தில் அதே அறிக்கையின் பழைய பிரதியை வேறு விதமாகத் திருத்துகிறார். திரும்பி வந்து இணைந்ததும் இரண்டும் எதிர்ப்படும். இயந்திரம் தீர்ப்புச் சொல்லாது. இரண்டையும் வைத்துக்கொண்டு, ஒன்றின் பெயரோடு கணினியின் பெயரை ஒட்டிவிடும். எது சரி என்று சொல்ல 12 முதலிமார் இல்லை. அவரேதான் வாதி, அவரேதான் பிரதிவாதி, வழக்குச் செலவும் அவருடையதே.

5. புறனடை

ஒத்திசைவு காவல் அன்று. ஓரிடத்தில் அழித்தது எல்லா இடத்திலும் அழியும். இங்கு செய்ததை அங்கும் செய்வதே அதன் அறம். வேறிடத்தில் தனிப் பிரதி வைத்திருப்பவரே காப்பு உடையவர்.

இனி உரிமைத் தொகை. முதுசம் டிரஸ்டட் இன்ஸ்டோலருக்கு. சீதனம் கந்தோருக்கு. தேட்டம் சேவரோடு பொது. தனக்கே தனக்கென்று ஒருவருக்கு மிஞ்சுவது, தவறுதலாக அழித்த பைலின் பழி ஒன்றுதான். அதில் சேவர் பங்கு கேட்டதாக வழக்கில்லை.